கயிற்றுக் கட்டிலிலிருந்து ஒலித்த குரல்

புது தில்லி: ஹிந்தித் திரையுலகின் பழமையான விருதுகளுள் ஒன்றான ஃபிலிம்ஃபேர் விருது 2021-ஆம் ஆண்டு மார்ச் மாத இறுதியில் வழங்கப்பட்டபோது, சிறந்த துணை நடிகைக்கான பரிசு லக்னௌ நகரைச் சேர்ந்த ஃபர்ருக் ஜாஃபருக்குக் கிடைத்தது. அப்போது அவருக்கு வயது ஏறத்தாழ 88. நடிப்புக்காக அவ்விருதைப் பெற்றவர்களில் அவரே மிக மூத்தவர். அதன் பின்னர் ஏழு மாதங்கள்கூட அவர் வாழவில்லை. அதே ஆண்டு அக்டோபர் 15-ஆம் தேதி, பக்கவாத பாதிப்பால் லக்னௌவிலேயே காலமானார்.

அவருடைய பெயர் தமிழ் வாசகர்களில் பெரும்பாலோருக்குப் பரிச்சயமானதாக இருக்க வாய்ப்பில்லை. ஹிந்திப் படங்களை விடாமல் பார்ப்பவர்களில்கூட முகத்தை அறிந்து பெயரை அறியாதவர்களே அதிகம். 'பீப்லி லைவ்' படத்தில் கட்டிலில் படுத்தபடி வீட்டாரை வசைபாடும் அம்மா, 'போட்டோகிராப்' படத்தில் மாத்திரையை நிறுத்திவிட்டுப் பேரனை மிரட்டும் பாட்டி, 'குலாபோ சிதாபோ' படத்தில் கணவரை ஏமாற்றிவிட்டு ஓடிப்போகும் பேகம் என்று சொன்னால்தான் நினைவுக்கு வருவார். மூன்றும் நகைச்சுவைப் படங்கள். மூன்றிலும் அவருக்குக் கிடைத்தவை சிறு வேடங்கள். ஆனால் வறுமை, வீடு, சொத்து என்று அந்தப் படங்கள் பேச வந்த அரசியலின் முடிச்சு, ஏதோ ஒரு கட்டத்தில் அந்தக் கிழவியின் கையில்தான் இருந்தது.

உத்தரப் பிரதேசத்தின் ஜெளன்பூர் மாவட்டத்தில் 1933-இல் பிறந்தவர் ஃபர்ருக். பதினாறு வயதில் திருமணமாகி லக்னௌவுக்கு வந்தார். கணவர் எஸ்.எம். ஜாஃபர் விடுதலைப் போராட்ட வீரர்; பத்திரிகையாளர்; பின்னாளில் சட்ட மேலவை உறுப்பினராகவும் இருந்தவர். அரசியலும் செய்தித்தாளும் புழங்கிய அந்த வீட்டில்தான் ஃபர்ருக் மேற்படிப்பைத் தொடர்ந்தார். லக்னௌ பல்கலைக்கழகத்தில் பயின்றார். 1963-இல் வானொலியில் அறிவிப்பாளராகச் சேர்ந்தார். லக்னௌ வானொலியின் முதல் பெண் அறிவிப்பாளர்களில் ஒருவர் என்று அவர் குறிப்பிடப்படுவதுண்டு.

'விவித் பாரதி' தொடங்கப்பட்டது 1957-இல். திரைப்பாடல்கள் தரக்குறைவானவை என்று கருதி அகில இந்திய வானொலி அவற்றை ஒதுக்கிவைக்க, நேயர்கள் இலங்கை வானொலியின் பக்கம் திரும்பிவிட்டதன் விளைவாகப் பிறந்த சேவை அது. ஆகவே, அதன் அறிவிப்பாளர்கள் அரசு ஊழியருக்குரிய கட்டுப்பாட்டையும் நேயரைப் பிடித்து நிறுத்தும் இனிமையையும் ஒருசேரக் கடைப்பிடிக்க வேண்டியிருந்தது. முகம் தெரியாது, உடல் அசைவுக்கு இடமில்லை, குரல் ஒன்றே முதல். ஒரு சொல்லுக்கும் அடுத்த சொல்லுக்கும் இடையே எவ்வளவு நேரம் மௌனம் காக்கலாம் என்பது உள்பட எல்லாவற்றையும் காதாலேயே அளக்க வேண்டும். பின்னாளில் படுக்கையை விட்டு எழாத பாத்திரங்களாகவே அவருக்கு வாய்த்தபோது, இந்தப் பயிற்சிதான் கைகொடுத்தது என்று கருத இடமுண்டு. லக்னௌவின் நாசூக்கான உருதுவும், கிழக்கு உத்தரப் பிரதேசக் கிராமங்களின் பேச்சுமொழியும் அவருக்கு ஒரே சரளத்தோடு வந்தன. மும்பையில் வசனம் மனப்பாடம் செய்து பேசும் நடிகைகளிடம் எளிதில் கிடைக்காத சரக்கு அது.

முஸாஃபர் அலி இயக்கிய 'உம்ராவ் ஜான்' (1981) அவருடைய முதல் படம். நாயகி ரேகாவின் தாயாக நடித்தார். சிறுமியாகக் கடத்தப்பட்டு லக்னௌ கணிகையர் விடுதியில் விற்கப்பட்ட மகள், பல ஆண்டுகள் கழித்துப் பிறந்த வீட்டு வாசலுக்குத் திரும்பி வருகிறாள். தாய் அடையாளம் கண்டு உருகுகிறாள். தமையனோ வீட்டின் மானம் போய்விடும் என்று துரத்துகிறான். தாயின் பங்கு சில நிமிடங்களே. எனினும் மகளை ஏற்பதா, மகனுக்கு அடங்குவதா என்ற தவிப்பு அந்தச் சில நிமிடங்களில் முழுமையாக வந்துவிடுகிறது.

இருபத்து மூன்று ஆண்டு இடைவெளி

அதற்குப் பிறகு சில தொலைக்காட்சித் தொடர்கள் உண்டு. ஆனால் பெரிய திரையில் அவர் கவனிக்கத்தக்க விதத்தில் மீண்டும் தோன்றியது அசுதோஷ் கோவாரிகரின் 'ஸ்வதேஸ்' (2004) படத்தில்தான். நாற்பத்தெட்டு வயதில் தொடங்கியவர் எழுபத்தொரு வயதில் தொடர்கிறார். இதை ஒரு தனிப்பட்ட நடிகையின் அதிர்ஷ்டக் குறைவாக மட்டும் பார்ப்பதற்கில்லை. எண்பதுகளிலும் தொண்ணூறுகளிலும் ஹிந்திப் படத்தின் தாய் என்பவர் அழுவதற்கும் ஆசி வழங்குவதற்கும் உரியவர். பாட்டி என்றால் சுவரில் மாலையிட்ட படம். நகைச்சுவையோ ஆண்களின் தனிச்சொத்து. முதிய பெண்ணொருத்தி சிரிக்க வைக்கவும் கூடும் என்று எண்ணிய கதாசிரியர்கள் அரிதாகவே இருந்தனர்.

மாற்றம் கலையுலகின் மனமாற்றத்தால் வந்ததல்ல. வணிகத்தின் வழியாக வந்தது. 1997-இல் தில்லியின் சாகேத் பகுதியில் நாட்டின் முதல் பல்திரை அரங்கம் திறக்கப்பட்டது. அடுத்த ஆண்டு மத்திய அரசு திரைப்படத் துறைக்குத் தொழில் தகுதி வழங்குவதாக அறிவித்தது. ஆயிரம் இருக்கைகளை நிரப்ப வேண்டிய கட்டாயம் தளர்ந்து, இருநூறு பேர் பார்த்தாலும் ஒரு காட்சி நடக்கும் என்ற நிலை ஏற்பட்டது. நாயக நடிகரின் பெயரின்றி, கதையையும் குணச்சித்திர நடிகர்களையும் நம்பி எடுக்கப்படும் படங்களுக்கு அப்போதுதான் இடம் பிறந்தது. 'சுயாதீனப் படம்' என்ற சொல் இங்கு சற்றுத் தாராளமாகவே பயன்படுத்தப்படுகிறது என்பதையும் சொல்லிவிட வேண்டும். 'பீப்லி லைவ்' படத்தின் தயாரிப்பாளர் ஆமிர் கான்; அவரை எளியவர் என்று யாரும் கூறமாட்டார்கள். ஆனால் படத்தின் இயல்பும் நடிகர் தேர்வும் மும்பையின் வழக்கத்துக்கு முற்றிலும் புறம்பானவை.

பீப்லி கிராமத்து அம்மா

அனுஷா ரிஸ்வி தொலைக்காட்சிச் செய்தித் துறையிலிருந்து வந்தவர். அவர் எழுதி இயக்கிய 'பீப்லி லைவ்' 2010 ஆகஸ்டில் வெளியானது. அதற்கு முன்பே அமெரிக்காவின் சன்டான்ஸ் விழாவின் போட்டிப் பிரிவுக்குத் தேர்வாகியிருந்தது. பின்னர் ஆஸ்கருக்கு இந்தியாவின் அதிகாரபூர்வப் படமாகவும் அனுப்பப்பட்டது.

கடனை அடைக்க வழியின்றி நிலத்தை இழக்கவிருக்கும் நத்தா, புதியா என்ற சகோதரர்கள். தற்கொலை செய்துகொள்ளும் விவசாயியின் குடும்பத்துக்கு அரசு இழப்பீடு தருகிறது என்று கேள்விப்படுகிறார்கள். யார் சாவது என்பதில் ஒரு பேரம் நடந்து, தம்பி நத்தாவின் தலையில் அது விழுகிறது. இடைத்தேர்தல் நேரம். செய்தி கசிந்ததும் தொலைக்காட்சி வாகனங்கள் கிராமத்தை முற்றுகையிடுகின்றன. சாகப்போகிறவனைக் காப்பாற்றுவதா, சாகவிடுவதா என்று கட்சிகள் கணக்குப் போடுகின்றன. அரசு அதிகாரி ஒருவர் லால் பகதூர் சாஸ்திரி பெயரிலான திட்டத்தின் கீழ் அடிபம்பு ஒன்றைக் கொண்டுவந்து இறக்கிவிட்டுப் போகிறார். அதை நிலத்தில் பதிக்கப் பணம் இல்லை. இலக்கியம் அறிந்தவர்கள் பாத்திரங்களின் பெயரிலேயே ஒரு குறிப்பைக் காணலாம். நத்தாவின் மனைவி தனியா, மண்ணைத் தோண்டி விற்றே ஒரு நாள் குழியில் இறந்துகிடக்கும் ஹோரி ஆகிய இருவரின் பெயர்களும் பிரேம்சந்தின் 'கோதான்' நாவலிலிருந்து வந்தவை.

நத்தாவாக நடித்த ஓம்கார் தாஸ் மாணிக்புரி உள்ளிட்ட பலர், ஹபீப் தன்வீரின் 'நயா தியேட்டர்' குழுவில் பயின்ற சத்தீஸ்கர் கிராமியக் கலைஞர்கள். அந்தக் கூட்டத்தின் நடுவே, முற்றத்துக் கயிற்றுக் கட்டிலில் ஃபர்ருக் ஜாஃபர். மகன்களைத் திட்டுகிறார், மருமகளைத் திட்டுகிறார், தம் நோயைப் பற்றிப் புலம்புகிறார், ஓய்வெடுத்துக்கொண்டு மீண்டும் திட்டுகிறார். அரங்கில் சிரிப்பு அடங்குவதில்லை. ஆனால் சற்று யோசித்தால் ஒன்று புலப்படும். மகன் சாகப்போவதை ஒட்டி நாடே கூடியிருக்கும்போது, அந்த வீட்டின் பொழுது மட்டும் மாறவில்லை. மருந்துக்கும் அடுப்புக்கும் அதே தட்டுப்பாடு. அதே மாமியார் - மருமகள் சண்டை. வறுமை என்பது திடீரென்று நேர்ந்த சம்பவம் அல்ல, அது அன்றாடம் என்பதைக் கேமராக்களுக்கு முன்னால் அழுது காட்டாமல் சொல்லும் பாத்திரம் அவருடையது. அவர் மட்டும் கண்ணீர் விட்டிருந்தால் படம் கெட்டுப்போயிருக்கும்.

தேசிய குற்ற ஆவணக் காப்பகத்தின் கணக்கின்படி, அப்படம் வெளியான 2010-ஆம் ஆண்டில் மட்டும் நாட்டில் 15,964 விவசாயிகள் தற்கொலை செய்துகொண்டனர். 1991-க்கும் 2001-க்கும் இடையே 80 லட்சம் பேர் விவசாயத்தைக் கைவிட்டதாகப் படம் முடிவில் தெரிவிக்கிறது. இறந்துவிட்டதாகக் கருதப்படும் நத்தா, தலைநகரை ஒட்டிய குர்கானில் கட்டடக் கூலியாக மண் சுமந்துகொண்டிருப்பதுதான் கடைசிக் காட்சி. தில்லியிலிருந்து குர்கான் நெடுஞ்சாலையில் செல்பவர்கள் இன்றும் நத்தாக்களைக் காணலாம். ஊரில் விட்டுவந்த அம்மாக்கள் கண்ணில் படுவதில்லை.

இதன் பிறகே ஃபர்ருக்குக்கு வாய்ப்புகள் வரத் தொடங்கின. பொதுமக்களிடம் பணம் திரட்டி பிரவீண் மோர்ச்சாலே எடுத்த 'பேர்ஃபுட் டு கோவா' படத்தில், பேரக் குழந்தைகள் இருவர் மும்பையிலிருந்து தேடிச் செல்லும் பாட்டியாக வந்தார். சல்மான் கானின் 'சுல்தான்' (2016) போன்ற பெரும் வணிகப் படத்திலும் பாட்டி வேடம். 'சீக்ரெட் சூப்பர்ஸ்டார்' (2017) படத்தில் அவர் ஏற்ற 'படீ ஆபா' பாத்திரம் தனித்துக் குறிப்பிடத்தக்கது. பெண் சிசு என்பதால் கலைத்துவிடச் சொன்ன கணவனிடமிருந்து தப்பி ஓடி உன் தாய் உன்னைப் பெற்றாள் என்ற உண்மையை, பதின்வயதுப் பேத்தியிடம் அவர்தான் சொல்கிறார். குரலை உயர்த்தாமல், பழைய கதை ஒன்றைச் சொல்வது போன்ற தொனியில் அது வருகிறது.

'தி லஞ்ச்பாக்ஸ்' இயக்குநர் ரிதேஷ் பத்ராவின் 'போட்டோகிராப்' (2019) படத்தில் அவருக்குச் சற்று விரிவான வேடம். கேட்வே ஆஃப் இந்தியாவில் சுற்றுலாப் பயணிகளைப் படம்பிடித்துப் பிழைக்கும் ரஃபீயை மணம் முடிக்க வைப்பதற்காக, ஊரிலுள்ள பாட்டி மருந்து உண்ண மறுக்கிறார். வேறு வழியின்றி, முன்பின் தெரியாத ஒரு பெண்ணின் புகைப்படத்தை அனுப்பி இவள்தான் நான் மணக்கவிருப்பவள் என்கிறான் பேரன். பாட்டி ரயிலேறி மும்பைக்கே வந்துவிடுகிறார். நவாஸுத்தீன் சித்திக்கியும் சான்யா மல்ஹோத்ராவும் அடக்கி வாசிக்கும் படத்தில் வாய் ஓயாமல் பேசும் ஒரே பாத்திரம் அவருடையது.

ஒரு ரூபாய்க்கு விற்ற மாளிகை

இதற்கிடையே இன்னொரு மாற்றமும் நிகழ்ந்தது. தம் மாநிலத்தில் படப்பிடிப்பு நடத்துவோருக்கு மானியம் அளிக்கும் கொள்கையை உத்தரப் பிரதேச அரசு வகுத்தது. 2017-இல் அறிவிக்கப்பட்ட தேசிய விருதுகளில் திரைப்படத்துக்கு உகந்த மாநிலம் என்ற பரிசும் அதற்குக் கிடைத்தது. மானியத்தைத் தேடி மும்பை நிறுவனங்கள் லக்னௌவுக்கு வந்தபோது, உள்ளூர் நாடக, வானொலிக் கலைஞர்களுக்குச் சிறு வேடங்கள் கிடைத்தன. ஃபர்ருக் ஊரை விட்டு நகராமலேயே சினிமா அவர் ஊருக்கு வந்தது.

ஷூஜித் சர்கார் இயக்கத்தில், ஜூஹி சதுர்வேதியின் எழுத்தில் உருவான 'குலாபோ சிதாபோ' 2019-இல் லக்னௌவில் படமாக்கப்பட்டது. உத்தரப் பிரதேசத்தின் கையுறைப் பொம்மலாட்டத்தில் ஓயாமல் சண்டையிட்டுக்கொள்ளும் இரு பெண் பொம்மைகளின் பெயர்கள்தான் படத்தின் தலைப்பு. இடிந்து சரியும் நிலையிலுள்ள 'ஃபாத்திமா மஹால்' என்ற பழைய ஹவேலி. அதன் உரிமையாளரான பேகத்துக்கு வயது தொண்ணூற்றைந்தை நெருங்குகிறது. அவரைவிட இளையவரான கணவர் மிர்ஸா (அமிதாப் பச்சன்), மனைவி எப்போது கண் மூடுவார், மாளிகை எப்போது கைக்கு வரும் என்று காத்திருக்கிறார். மாதம் 30 ரூபாய் வாடகையைக்கூட ஒழுங்காகத் தராமல் பிடிவாதமாக உட்கார்ந்திருக்கும் குடித்தனக்காரர் பாங்கே (ஆயுஷ்மான் குரானா). தொல்லியல் துறை அதிகாரி, வழக்கறிஞர், நில வணிகர் என ஆளுக்கொரு பக்கம் இழுக்கிறார்கள்.

வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டத்தின் கீழ் பல பத்தாண்டுகள் உறைந்துபோன வாடகைகள், பராமரிக்கப் பணமின்றி நொறுங்கும் ஹவேலிகள், வாரிசு வழக்குகள் ஆகியவை வட இந்தியப் பழைய நகரங்கள் அனைத்தும் அறிந்த கதை. உத்தரப் பிரதேசத்தின் 1972-ஆம் ஆண்டு வாடகைச் சட்டம் 2021-இல்தான் புதிய சட்டத்துக்கு வழிவிட்டது. இந்தச் சச்சரவில் யாரும் கேட்காத ஒரு கேள்வி உண்டு: உரிமையாளரான பெண்ணின் விருப்பம் என்ன? கிழவிக்குக் காது மந்தம், நினைவு தடுமாற்றம் என்று எண்ணிச் சுற்றியுள்ள ஆண்கள் பத்திரங்களைத் தயாரிக்கிறார்கள். முடிவில் பேகம் போய்விட்டார் என்ற செய்தி வருகிறது. போனது பரலோகத்துக்கு அல்ல. இளமைக் காதலர் அப்துல் ரஹ்மானிடம். மாளிகையையும் அவருக்கே ஒரு ரூபாய்க்கு விற்றுவிட்டுப் போயிருக்கிறார். கணவருக்கு விட்டுச் சென்றது ஒரு பழைய நாற்காலி. மிர்ஸா அதை 250 ரூபாய்க்குத் தள்ளிவிடுகிறார். மும்பைப் பழம்பொருள் கடையில் அதன் விலைச்சீட்டு லட்சத்தைத் தாண்டுகிறது.

ஃபர்ருக் இப்படத்தில் தோன்றும் காட்சிகள் குறைவு. ஆனால் அவர் நோஞ்சான் கிழவியா, எல்லாம் அறிந்த தந்திரசாலியா என்பதைக் கடைசி வரை கண்டுபிடிக்க முடியாதபடி நடித்திருப்பார். இரண்டாம் முறை பார்ப்பவர்களுக்கு, ஒவ்வொரு முனகலுக்கும் வேறு பொருள் தென்படும். இதே படத்துக்காக அமிதாப் பச்சனுக்கு விமர்சகர்கள் தேர்வு செய்த சிறந்த நடிகர் விருது கிடைத்தது.

கரோனா முடக்கத்தால் இப்படம் திரையரங்குகளுக்கு வரவில்லை. 2020 ஜூன் 12-ஆம் தேதி நேரடியாக இணையவழியில் வெளியானது. அதற்கு இரு வாரங்களுக்கு முன்புதான், மே 30 அன்று, மகாராஷ்டிர அரசு படப்பிடிப்புகளுக்கான விதிமுறைகளை வெளியிட்டிருந்தது. 65 வயதைக் கடந்தவர்கள் படப்பிடிப்புத் தளத்துக்கு வரக்கூடாது என்பது அவற்றுள் ஒன்று. அதாவது நாடே வீட்டிலிருந்து ரசித்துக்கொண்டிருந்த மிர்ஸாவும் பேகமும் மும்பையில் அன்று கேமரா முன் நிற்க முடியாது.

அமிதாப் பச்சனுக்கு அதனால் அடுப்பு அணையப்போவதில்லை. பாதிக்கப்பட்டவர்கள் வேறு. பம்பாய் உயர் நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்தவர், நாற்பது ஆண்டுகளாகத் திரைப்படங்களிலும் தொடர்களிலும் சிறு வேடங்களில் நடித்துப் பிழைத்துவந்த 70 வயது நடிகர். வேறு வருமானம் இல்லை என்றார் அவர். 65 வயதைக் கடந்தவர் கடை திறந்து வியாபாரம் செய்யலாம், நடிக்க மட்டும் கூடாது என்பது என்ன நியாயம் என்ற வாதம் எடுபட்டது. 2020 ஆகஸ்ட் 7-ஆம் தேதி நீதிமன்றம் அந்த விதியைப் பாகுபாடானது என்று கூறி ரத்து செய்தது.

அந்த இடைக்காலத்தில் பேசியவர்களில் ஒருவர் சுரேகா சிக்ரி. தில்லி தேசிய நாடகப் பள்ளியில் பயின்றவர். மூன்று முறை தேசிய விருது பெற்றவர். மூன்றாவது விருது, 'பதாயி ஹோ' (2018) என்ற நகைச்சுவைப் படத்தில் ஏற்ற மாமியார் வேடத்துக்காக. பக்கவாதத்தால் பாதிக்கப்பட்டிருந்த அவர், தில்லியில் சக்கர நாற்காலியில் வந்து அதைப் பெற்றபோது அவையே எழுந்து நின்றது. யாரிடமும் உதவி கேட்கவில்லை, கௌரவமாக வேலை செய்ய விட்டால் போதும் என்பதே அவரது நிலைப்பாடாக இருந்தது. 2021 ஜூலை 16-ஆம் தேதி, ஃபர்ருக்குக்கு மூன்று மாதங்கள் முன்னதாக, அவரும் மறைந்தார்.

சினிமாத் தொழிலாளர் நலநிதிச் சட்டமும், அவர்களின் வேலை நிலைமைகளை முறைப்படுத்தும் சட்டமும் நாடாளுமன்றத்தில் இயற்றப்பட்ட ஆண்டு 1981. 'உம்ராவ் ஜான்' வெளியான அதே ஆண்டு. எழுத்துபூர்வ ஒப்பந்தமின்றி வேலைக்கு அமர்த்தக்கூடாது என்று அன்றே சட்டம் கூறிற்று. அவை இரண்டும் 2020-இல் நிறைவேறிய தொழிலாளர் சட்டத் தொகுப்புகளில் கரைந்துவிட்டன. அத்தொகுப்புகள் நடைமுறைக்கு வந்தது 2025 நவம்பர் 21 அன்று. ஒரு நாள், இரண்டு நாள் வேலைக்கு அழைக்கப்படும் முதிய நடிகைக்கு அவற்றால் என்ன கிடைக்கும் என்பதைத் தொழிற்சங்கங்கள்தான் கேட்டுப் பெற வேண்டும்.

ஃபர்ருக் ஜாஃபருக்குக் கதையின் நாயகியாக நடிக்கும் வாய்ப்பு வாழ்வின் இறுதியில் வந்தது. ஆஸ்திரியாவில் வாழும் சந்தீப் குமார் இயக்கிய 'மெஹ்ருநிஸா' 2021 ஜனவரியில் கோவா சர்வதேசத் திரைப்பட விழாவில் திரையிடப்பட்டது. வாழ்நாள் முழுவதும் அடக்கிவைத்த நடிப்பு ஆசையை எண்பது வயதில் மீட்டெடுக்கும் ஒரு நடிகையின் கதை அது. மூத்த பெண்களை மையமாகக் கொண்டு ஏன் படங்கள் எழுதப்படுவதில்லை என்ற கேள்வியை அப்படம் நேரடியாகவே எழுப்புகிறது. அதில் நடித்து முடித்த பிறகும் அவர் பம்பாய்க்குக் குடிபெயரவில்லை. லக்னௌவில், தம் வீட்டில்தான் இருந்தார்.